உப்பு ஜாடி இருக்கும் உயரம்

கியோட்டோ,
ஜூன் 14, 1956

அன்புள்ள ஃபுசாயெவுக்கு,

இங்கே மழை பிடித்துக்கொண்டது. அகிதாவில் நாற்று நட்டு முடித்தாயிற்றா? அம்மாவின் முழங்கால் வலி எப்படி இருக்கிறது? நான் நலம். எரிச்சலைத் தவிர வேறு நோய் எதுவும் இல்லை.

பதினெட்டு வருடம் செட் போட்டவனை இந்தப் படத்துக்குத் தயாரிப்பாளராகவும் ஆக்கிவிட்டார்கள் அல்லவா? யாரிடமாவது புகார் சொல்லலாம் என்று போனால், அந்த நாற்காலியில் நானே உட்கார்ந்திருக்கிறேன்.

நேற்று நம் வீட்டுச் சமையலறையை அப்படியே செட்டாகக் கட்டி முடித்தேன். சுவரில் படிந்த அடுப்புப் புகைகூட அச்சாக வந்திருந்தது. தாயாக நடிக்கும் ஒதாகி அம்மாள் உப்பு ஜாடியை எடுக்கக் கை நீட்டினார். அலமாரி அவருக்கு எட்டவில்லை.

"என்னங்க தயாரிப்பாளரே, இங்க சமைக்கப்போறது பொம்பளையா, கொக்கா?" என்றார்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "எங்க வீட்டுல இதே உயரத்துலதான் என் கையாலயே அடிச்சு வச்சிருக்கேன். பதினோரு வருஷமா என் பொண்டாட்டி ஒரு வார்த்தை சொன்னதில்ல!" என்று கத்தினேன்.

"அதுல எத்தனை நாள் நீங்க வீட்டுல இருந்து பாத்தீங்க?" என்றார் அவர். தச்சர்கள்கூடச் சிரித்துவிட்டார்கள். எல்லாவற்றையும் பிரித்து இறக்கி மாட்டியதில் ஒரு நாள் படப்பிடிப்பு பாழ்.

உன் முள்ளங்கி ஊறுகாய் கொஞ்சம் அனுப்பு. இங்கே விற்பதை வாயில் வைக்க முடியவில்லை.

கீழே கூப்பிடுகிறார்கள், போக வேண்டும். ஒன்றை மட்டும் மறக்காமல் எழுது: இத்தனை வருடமாக நீ எதன்மேல் ஏறி நின்று அந்த ஜாடியை எடுக்கிறாய்?

ஷிகெஹாரு