சலூன் நாற்காலியில் ஒரு செவ்வாய்க்கிழமை

சார்,

இன்று முடி வெட்டிக்கொள்ளப் போனேன். பிடரியைப் பார்க்கச் சலூன்காரர் நாற்காலியைச் சட்டென்று சுழற்றினார். கைப்பிடிகளை இறுகப் பிடித்துக்கொண்டு, "நின்னுருச்சா?" என்று கத்திவிட்டேன். அவர் சிரித்தார். அது நீங்கள் என்னைக் கேட்ட கேள்வி என்று அவருக்குத் தெரியாது.

அறுபதுகளின் தொடக்கம். கொடைக்கானலில் ஒரே பள்ளிக்கூடம். நீங்கள் இயற்பியல், நான் கணக்கு. காலையில் எழுந்தால் சுவர் நகர்கிறது என்று சொல்ல ஆரம்பித்திருந்தீர்கள். மலைக்குளிர்தான் காரணம் என்று காரணமும் நீங்களே சொல்லிக்கொண்டீர்கள். மதுரைக்குப் போய்ப் பெரிய டாக்டரிடம் காட்டுங்கள் என்று நான் சொல்லவில்லை. அவர் என்ன சொல்லிவிடுவாரோ என்று உங்களைவிட எனக்குத்தான் கிலி.

செவ்வாய்க்கிழமை சலூனுக்கு விடுமுறை. வகுப்புக்குச் செய்துகாட்டப் பழக வேண்டும் என்று சொல்லிச் சாவி வாங்கிவந்தீர்கள். பூண்டு மண்டியிலிருந்து இரண்டு கிலோக் கற்கள். கிலோ புழக்கத்துக்கு வந்த புதிது. கைக்கொரு கல்லோடு நாற்காலியில் உட்கார்ந்தீர்கள். கையை விரித்தால் மெல்லச் சுற்றியது, மார்போடு அணைத்தால் பம்பரமானது.

"வேகம்தாங்க மாறுது, மொத்தச் சுழற்சி மாறல. எலக்ட்ரான் பாடு இன்னும் தேவலை. அதோட சுழற்சிக்கு ஒரே அளவு. கூடாது, கொறையாது, நிக்கவும் நிக்காது."

நிற்காத ஒன்று என்றதும் நான் நாற்காலியை எட்டிப் பிடித்து நிறுத்தினேன்.

"இப்ப நெசமான சோலிக்கு வருவோம்" என்று கற்களைக் கீழே வைத்தீர்கள். கண்ணை மூடிச் சுற்ற வேண்டும். நாற்காலி நின்றதிலிருந்து கிறுகிறுப்பு தெளியும்வரை எண்ண வேண்டும். எனக்கு இருபதில் தெளிந்தது. "எனக்கு நாப்பதத் தாண்டுனா வெள்ளனே மதுர பஸ் ஏறிர்றேன்."

உங்களைச் சுற்றிவிட்டேன். நாற்காலி நின்றது. உங்கள் முகம் வெளிறிப்போய், விரல்கள் கைப்பிடியைக் கவ்வியிருந்தன.

"நின்னுருச்சா?"

"இன்னும் இல்ல சார்."

எப்படி அந்தப் பொய் வந்தது என்று தெரியவில்லை. மறுபடி கேட்டீர்கள்.

"சுத்துது சார், சுத்துது."

மனதுக்குள் நானே எண்ணிக்கொண்டிருந்தேன். எழுபதைத் தாண்டியது. விரல்கள் தளர்ந்த பிறகுதான், "இப்ப நின்னுருச்சு" என்றேன். பதினெட்டில் கண்ணைத் திறந்தீர்கள்.

"ஒங்கள விட நான் தேவலைங்க!" அன்று டீயும் பஜ்ஜியும் உங்கள் செலவு. எனக்கு ஒரு வாய் இறங்கவில்லை.

தை பிறக்குமுன் கரும்பலகை முன்னாலேயே சாய்ந்தீர்கள். மூளையில் கட்டி. "கொஞ்சம் முன்னாடியே வந்திருந்தா..." என்று டாக்டர் ஆரம்பித்ததும் நான் வெளியே ஓடிவிட்டேன். மீதி வாக்கியத்தை இன்றுவரை யாரிடமும் கேட்கவில்லை. கேட்கப் பயம்.

இப்போதும் எதுவாவது சுற்றினால், அது நிற்கும்வரை என் கண் அதைவிட்டு நகராது. நின்றதும் வாய்விட்டுச் சொல்லிவிடுவேன். வீட்டில் கேலி செய்கிறார்கள். சொல்ல வேண்டிய இடத்தில் மட்டும் சொல்லவில்லை.

நீங்கள் முதல்முறை கேட்டபோதே நாற்காலி நின்றுவிட்டது, சார்.