சுருளண்டத்தில் தங்கச்சியின் எண்

நேற்று சாயங்காலம் நம்ம ரூம் இருக்கிற நஜ்மாவில் பார்க்கிங் தேடிச் சுற்றிக்கொண்டிருந்தேன். ஏசியைக் கூட்டியதும் பக்கத்து சீட்டிலிருந்து ஏலக்காய் வாசம் கிளம்பியது. நீர் சிந்திய கரக் சாயா, வே. இரண்டு முறை கழுவக் கொடுத்தும் போகவில்லை. உம்மைப் பெட்டியில் வைத்து ஊருக்கு அனுப்பியாயிற்று. சாயா மட்டும் சீட்டை விட்டு இறங்க மாட்டேன் என்கிறது.

இந்தச் சுற்றலில்தானே உம்ம அண்டம் பிறந்தது. நமக்கு ஒரே ஆபீஸ், ஒரே ரூம், ஒரே கார். டூட்டி முடிந்து வந்து கட்டடத்தைச் சுற்றுவோம். இடம் இருக்காது. அடுத்த சுற்றில் ஒரு தெரு தள்ளிப் போவோம். ஒருநாள் நீர் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே, “வே, இது வட்டம் இல்ல. சுத்துக்குச் சுத்து ரூம விட்டு வெலகுதோம். இது சுருள்” என்றீர்.

“இன்னும் ரெண்டு சுத்து வெலகுனா சவுதி பார்டர் வந்துரும்வே” என்றேன் நான்.

நீர் சட்டை செய்யவில்லை. நேர்கோடே இல்லாத ஓர் அண்டத்தைப் படைத்து, சுருளண்டம் என்று பேரும் வைத்துவிட்டீர். அங்கே ஒளிகூடச் சுருண்டுதான் போகும். பிறக்கிற ஒவ்வொருவருக்கும் ஒரு விலகெண் உண்டு. ஒரு சுற்று முடிவதற்குள் நடுவிலிருந்து எத்தனை மடங்கு விலகுகிறாரோ, அதுதான் அவர் எண். எண் வேறு வேறாக உள்ள இருவரின் பாதைகள் திரும்பத் திரும்பச் சந்தித்துக்கொண்டே இருக்கும். ஒரே எண் உள்ளவர்கள் காலம் பூரா பக்கத்தில் பக்கத்தில் போவார்கள், தொட மாட்டார்கள். இதற்கு நிரூபணமெல்லாம் டிஷ்யூ பேப்பரில் போட்டுக் காட்டினீர். நான் அதில் வாயைத் துடைத்தேன்.

எனக்கு அதெல்லாம் நக்கலுக்குச் சரக்குதானே. வெள்ளிக்கிழமை பிரியாணிக்கு ஆள் கூடினால், உம்மைப் போலவே கண்ணாடியைத் துடைத்து நடித்துக் காட்டுவேன். “ஒளி சுருண்டு வந்தா, எதிர நிக்கிற மொதலாளி கஃபீல் மூஞ்சி தெரியாது, முதுகுதான் தெரியும். சொகமான அண்டம்வே!” ரூம் அதிரும். நீரும் சிரிப்பீர், கொஞ்சம் தாமதமாக.

அதைப் பற்றி நீர் கடைசியாகப் பேசியதும் காரில்தான். “அதனாலதாம்வே நானும் எம் பொண்டாட்டியும் சேந்தோம். எனக்கு நம்பர் ஜாஸ்தி. அவளுக்கு…”

நான் விடுவேனா? “ஃபேன்சி நம்பரா இருந்தா சொல்லும்வே, கார் பிளேட்டோட ஏலத்துல விட்டுருவோம்!”

சிரித்தீர். அந்நேரம் பார்த்து ஒரு பெரிய வண்டி இடத்தைக் காலி செய்தது. பேச்சும் அதோடு கலாஸ்.

போன வாரம் உம்ம பொண்டாட்டி, எனக்குத் தங்கச்சி முறை, ஊரிலிருந்து போன் செய்தது. “அண்ணாச்சி, ஒண்ணு கேக்கணும். அந்தச் சுருள் கணக்குல எனக்கு ஒரு நம்பர் வச்சிருக்கேன்னு அவுக சொன்னாக. என்னன்னு கேட்டா, அடுத்த லீவுல சொல்லுதேன்னாக. கூட இருந்து கேட்டது நீங்கதான. அது என்ன நம்பரு?”

தெரியாது என்று சொல்லி இந்த வாய்க்குப் பழக்கமில்லை. “ஒண்ணேகால்மா” என்றேன்.

“அவுகளுக்கு?”

“அவருக்கும் அதே ஒண்ணேகால்தான்! பொருத்தம் பாத்து வச்ச மாதிரி!”

அந்தப் பக்கம் மூக்கை உறிஞ்சுகிற சத்தம் கேட்டது. “சரி அண்ணாச்சி” என்று வைத்துவிட்டது. ஆனந்தக் கண்ணீர் என்று நானே முடிவுகட்டி, நல்ல காரியம் செய்த தெம்பில் ஒரு பரோட்டா கூடுதலாகச் சாப்பிட்டேன்.

நேற்று அந்த ஏலக்காய் வாசத்தோடு சுற்றும்போதுதான் உம்ம விதி மண்டையில் இடித்தது. ஒரே எண். தொடவே மாட்டார்கள். வண்டியை ஒரு கடை வாசலில் குறுக்கே போட்டுவிட்டு அங்கிருந்தே தங்கச்சிக்கு போன் போட்டேன். பின்னால் ஒருத்தன் “பாய், ஜல்தி!” என்று ஹாரனில் கை வைத்தபடி நின்றான்.

“அம்மா, அந்த நம்பரு விஷயம்…” என்று இழுத்தேன்.

“தெரியும் அண்ணாச்சி. முந்துன லீவுலயே சொல்லிருக்காக. ஒரே நம்பரா இருந்தா பக்கத்துலயே போவாகளாம், சேர மாட்டாகளாம். எனக்கு வெளங்குனது அது ஒண்ணுதான். வருசத்துக்கு ஒரு மாசம் வந்தாக, போனாக. கணக்கு சரியாத்தான இருக்கு? இத எங்கிட்ட சொல்ல மனசு வராமத்தான் அடுத்த லீவு அடுத்த லீவுன்னு தள்ளிருக்காக.”

சீட் பெல்ட்டோடு கூனிப்போய் உட்கார்ந்திருந்தேன், வே. நீர் போன பிறகு உம்ம வாயில் இப்படி ஒரு சொல்லைத் திணித்திருக்கிறேன்.

“அது நான் சும்மா அடிச்சுவிட்டதும்மா. நம்பரு எனக்குத் தெரியாது. அவரு சொல்லத்தான் வந்தாரு, நான் நக்கலடிச்சு வாய அடைச்சிட்டேன். ஆனா ‘எனக்கு ஜாஸ்தி, அவளுக்கு’ன்னு ஆரம்பிச்சாரு. அப்ப ரெண்டு பேருக்கும் வேற வேற நம்பர்தான? அதனாலதான் சேந்தோம்னாரு. சத்தியமா சொன்னாரும்மா.”

அழுகையை எதிர்பார்த்தேன். திட்டினாலும் வாங்கிக்கொள்ளத் தயாராக இருந்தேன்.

“இது நெசமா அண்ணாச்சி?” என்று கேட்டது தங்கச்சி, மெதுவாக. “இல்ல, என்னத் தேத்துறதுக்கு இதையும் சொல்லுதீகளா?”

நெசம்தான் என்றேன். மறுபடியும் சொன்னேன். என் சத்தியத்துக்கு நஜ்மாவில் என்ன மதிப்பு என்று உமக்குத் தெரியும். உம்ம ஊர் பாளையங்கோட்டை வரைக்கும் அந்த மதிப்பு போய்ச் சேர்ந்திருக்கிறது.

உம்மிடமிருந்து நான் திரிக்காமல் என்னிடம் மிஞ்சியிருப்பது பாதியில் நின்ற அந்தப் பேச்சு ஒன்றுதான். அது உண்மை. சொல்கிறவன் நான் என்பதுதான் அதற்கு உள்ள ஒரே குறை.