ரோசா யார் என்று கேட்டுவிட்டுப் போன மாப்பிள்ளைக்கு

என் அருமை மாப்பிள்ளை, எரியாத கட்சியின் ஏகத் தலைவரே,

நீ போன இடத்துக்குத் தபால் போகாது என்று நோர்வூட் தபால்கந்தோரில் கையை விரித்துவிட்டார்கள். அதற்காக விடுகிற ஆளா நான்? பத்திரிகைக்கு எழுதுகிறேன். பத்திரிகை போகாத ஊர் உண்டா? நடுவில் நாலு பேர் படித்துவிட்டுப் போகட்டும். நமக்குள் என்ன ரகசியம் இருந்தது, நீ மடியில் கட்டிக்கொண்டு போன அந்த ஒன்றைத் தவிர?

முதலில் ஊர்ச் சேதி. உன் பள்ளிக்கூடத்துக்குப் புது வாத்தியார் வந்துவிட்டார். குளிருக்குப் பயந்து கோட்டோடுதான் பாடம் நடத்துகிறார். நம் லயத்து வீடுகளுக்குக் கூரைத் தகரம் மாற்றுகிறோம் என்று மேற்பார்வை பார்க்கிற கண்டாக்கையா சொன்னார், சொன்னதோடு சரி. உன் மகள் உன்னைப் போலவே மூக்கைச் சுருக்கிக்கொண்டு படிக்கிறாள். நான் இன்னும் பேக்டரி மேல்மாடியில் கொழுந்து வாட்டிக்கொண்டிருக்கிறேன். புது டீமேக்கர் என்னைக் கேட்காமல் ஒரு இலையை இறக்கச் சொல்வதில்லை. நான் முகர்ந்து பார்த்துச் சரி என்று சொன்னால்தான் லண்டனில் அந்தத் தேயிலைக்கு விலை.

உன் மனைவி, என் தங்கை அஞ்சலை, உன் திவசத்துக்கு விளக்கேற்ற மாட்டேன் என்று உட்கார்ந்துவிட்டாள். இந்தக் கடிதத்துக்கே அதுதான் காரணம்.

வெளியூர்க்காரர்கள் படிப்பார்கள், அவர்களுக்காக ஒரு வார்த்தை. மாசி பிறந்தால் எங்கள் தோட்டத்தில் காமன் கம்பம் நட்டு, காப்புக் கட்டி, தப்படித்து ரதி மதன் கூத்து ஆடுவோம். சிவன் நெற்றிக்கண்ணைத் திறந்து மதனை எரிப்பார். எரிந்தானா, எரியவில்லையா என்று இரண்டு கட்சி எதிரெதிரே உட்கார்ந்து லாவணி பாடும். எரிந்த கட்சிக்கு நான் தலைவன். பொகவந்தலாவையிலிருந்து என் குரலைக் கேட்க ஆள் வரும், வராதவர்கள் அங்கே இருந்தபடியே கேட்பார்கள். எரியாத கட்சிக்கு நீ. ஒரு கட்சி பாட்டிலே கேள்வி போட்டால் மறுகட்சி அவிழ்க்க வேண்டும். ஒரு கேள்விக்கு ஒரே பதில். அவிழ்க்க முடியாத கேள்வி அடுத்த மாசி வரைக்கும் தொங்கும்.

போன மாசியில் நீ என்ன செய்தாய்? புராணத்தை விட்டுவிட்டு அயர்லாந்துக்காரன் ஒருவனைக் கூட்டிக்கொண்டு வந்தாய்.

அட்டை கிழிந்த அந்த இங்கிலீஷ் புத்தகத்தை நீ கையில் எடுத்த நாள் முதலே எனக்குச் சந்தேகம். அந்த ஆள் சின்ன வயதில் எழுதின பாட்டுகள் என்றாய். ஒரு பெண்ணை நினைத்து உருகினான், அவள் மாட்டேன் என்றாள், மறுபடியும் கேட்டான், மறுபடியும் மாட்டேன் என்றாள், இவனோ அவளை ரோசாப்பூவாக்கி விடாமல் பாடினான் என்றாய். சரி, அது நம் லயத்திலும் நடக்கிறது. ஆனால் சாம்பிராணி போட்டு மந்திரம் சொல்கிற கூட்டத்தில் சேர்ந்தான் என்றாயே, அது என்ன கவிஞன் செய்கிற வேலையா, குறி சொல்கிறவன் செய்கிற வேலையா? அவன் நாட்டை வெள்ளைக்காரன் பிடித்து வைத்திருந்தான் என்றாய். அவனே வெள்ளைக்காரன்தானே, வெள்ளைக்காரனை வெள்ளைக்காரன் எப்படிப் பிடித்து வைப்பான்? ஓட்டுரிமையைப் பிடுங்கிக்கொண்டு நம்மை ஊரில்லாதவர்களாக ஆக்கி வைத்திருக்கிற காலத்தில், இந்தப் பாட்டுக்குள் வேறு ஏதோ விஷயம் மடித்து வைத்திருக்கிறது என்றுதான் நினைத்தேன். அவன் எழுதுகிற மூடுபனி அச்சாக நம் ஆத்தோர மூடுபனியாக இருக்கிறதே, யார் போய்ச் சொன்னது அவனுக்கு?

பெட்ரோமாக்ஸ் வெளிச்சத்தில் நீ எழுந்து நின்றது இன்னும் கண்ணில் நிற்கிறது. காமன் எரிந்துபோயிருந்தால் கடலுக்கு அந்தப் பக்கம் ஒருவன் கிடைக்காத பெண்ணுக்காக இப்படிப் பாடுவானா என்று கேட்டாய். கூட்டம் தலையாட்டியது. அதோடு உட்கார்ந்திருக்கலாம். உட்கார்ந்தாயா?

"பூவுக்குள்ள ஒருத்திய ஒளிச்சான் அவன், ரோசாப்
பூவுக்குள்ள ஒருத்திய ஒளிச்சேன் நான்.
ஒளிஞ்சவ யாரு? ஒன்னால முடிஞ்சா
அவுத்துச் சொல்லு மச்சான்" என்று போட்டாயே.

கூட்டம் 'ஓ' என்று கத்தினதில் துரை பங்களா நாய்கள் எல்லாம் ஒருசேர ஊளையிட்டன. மலை மேலிருந்து ஒரு சிறுத்தை இறங்கி வந்து கேட்டுவிட்டுப் போனதாகக் காவல்காரன் சொன்னான். நான் நம்புகிறேன். நான் அவிழ்க்கத்தான் எழுந்தேன். அதற்குள் மழை வந்துவிட்டது, எல்லோரும் சாட்சி. பெண்கள் பக்கத்தில் உட்கார்ந்திருந்த அஞ்சலை முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு எழுந்து போனாள். அதை நீ பார்த்தாயா இல்லையா?

பங்குனி முடிவதற்குள் காய்ச்சல் வந்தது. லொறி கிடைத்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோவதற்குள் நீ முந்திக்கொண்டாய். கேள்வியைத் தொங்கவிட்டுவிட்டுப் போவது எந்தக் கட்சி நியாயம்?

ஒரு வருஷமாகத் தோட்டம் முழுவதும் அதே பேச்சு. லாவணியில் போட்ட கேள்வி என்றால் பதில் இருந்தாக வேண்டும். ரோசா என்றால் ரத்தமும் சதையுமாக எவளோ ஒருத்தி இருந்தாக வேண்டும். கொழுந்து மலையில், தண்ணீர் பிடிக்கிற பீலிக்கரையில், எங்கே நாலு பேர் கூடினாலும் உன் ரோசாவைத் தேடினார்கள். அஞ்சலை வந்தால் பேச்சை நிறுத்தினார்கள். பேசுவதை விட அந்த நிறுத்தம்தான் அவளைக் கொன்றது. தை மாதம் என்னைக் கூப்பிட்டாள்.

"அண்ணே, சனிக்கிழம ஆனா வெள்ளச் சட்டையப் போட்டுக்கிட்டு ஹட்டனுக்கு எவளப் பாக்கப் போனாரு?"

"சாமான் வாங்க போயிருப்பாரு, தங்கச்சி."

"வெறுங்கையோடதான வருவாரு. நீங்க கண்டுபிடிச்சுச் சொல்லுங்க. சொல்ற வரைக்கும் அவரு படத்துக்கு மாலையும் கெடையாது, வெளக்கும் கெடையாது. எவளோ ஒருத்திக்குப் பாட்டுப் படிச்ச மனுசனுக்கு நான் எதுக்கு வெளக்கேத்தணும்?"

துப்புத் துலக்குகிற வேலை எனக்குப் புதிதா? ஹட்டன் பொலிசே ஒரு தடவை என்னிடம் யோசனை கேட்டிருக்கிறது. முதலில் டிஸ்பென்சரி நர்சம்மா. லயத்துப் பாதிப் பேர் அந்தப் பெயரைத்தான் சொன்னார்கள். வயிற்றுவலி என்று போய் உட்கார்ந்தேன்.

"வாத்தியாரு இங்க அடிக்கடி வருவாரோ?" என்று மெதுவாக ஒரு கொக்கியைப் போட்டேன்.

"வருவாரே. பள்ளிக்கூடத்துப் புள்ளைங்க சொறிக்கு மருந்து வாங்க." அந்த அம்மா என்னை மேலும் கீழும் பார்த்தது. "வயித்துவலின்னு வந்துட்டு வாத்தியாரப் பத்தி எதுக்குக் கேக்குறீங்க, மாமா?"

தோட்டத்தில் சின்னவர் பெரியவர் எல்லோருக்கும் நான் மாமாதான், அந்த மரியாதை எனக்கு உண்டு. அதற்காக மருந்தைக் குறைக்கவில்லை. அந்த அம்மா கொடுத்த பேதி மருந்தில் இரண்டு நாள் நான் மேல்மாடி ஏறவில்லை. தோட்டத்துத் தேயிலைக்கே பேர் கெட்டிருக்கும், நல்லவேளை தப்பித்தது.

பிறகு டெய்லர் சூசையைப் பிடித்தேன். உனக்குப் பின்னால் எரியாத கட்சியைப் பாடுகிறவன் அவன்தான். "வாத்தியாரா? சனிக்கிழம எங்க கோயில் சாமியார் பங்களாவுலதான் இருப்பாரு" என்றான். கிறிஸ்தவ வேதத்தில் சேர்ந்துவிட்டாயோ என்று எனக்குச் சந்தேகம் வந்துவிட்டது. அடுத்த பஸ்ஸில் ஏறினேன்.

அந்தச் சாமியார் அயர்லாந்துக்காரராம். நீ எங்களிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லையே. தமிழ் பேசுகிறார், பூசையில் பேசுகிற தமிழ்.

"மகனே, அவர் என்னிடம் செபிக்க வரவில்லை. எங்கள் நாட்டுக் கவிஞனுடைய பாடல்களுக்குப் பொருள் கேட்க வந்தார். எனக்கோ அந்தக் கவிஞன்மேல் பெரிய நம்பிக்கை கிடையாது. தேவனை விட்டுவிட்டுத் தேவதைகளின் பின்னால் போனவன்."

"அந்த ரோசா யாருங்க, சாமி?"

"ஒரு பெண். அவனுடைய தேசமும்கூட. சில வேளை கடவுளே என்றும் தோன்றும். அடையாளம் என்பது அப்படித்தான், மகனே. ஒரு பூ ஒரே ஆளைச் சுட்டிக்காட்ட வேண்டியதில்லை."

"எங்க லாவணியில அப்படிப் போட்டா ஒத்துக்க மாட்டாங்க, சாமி. ஒரு கேள்விக்கு ஒரு பதில்தான். எங்க வாத்தியாரோட ரோசா யாரு?"

"நானும் கேட்டேன். சிரித்தார். ரொட்டியைத் தின்றுவிட்டு பஸ்ஸைப் பிடிக்கப் போய்விட்டார்."

சாமியார் பொய் சொல்லமாட்டார் என்கிறார்கள். நீ சிரித்தது மட்டும் எனக்குப் பிடிக்கவில்லை. இல்லாத ஆளை நினைத்து அப்படிச் சிரிக்க முடியுமா?

இந்த மாசியும் வந்தது. கம்பம் நட்டோம். லாவணிக்குத் தப்புக் காய்ச்சும்போதே கூட்டம் நெருக்கிக்கொண்டு உட்கார்ந்தது. மதன் எரிவதைப் பார்க்க வந்த கூட்டம் இல்லை, உன் ரோசாவின் பெயரைக் கேட்க வந்த கூட்டம். அஞ்சலையும் வந்தாள். பெண்கள் பக்கத்தில் முன்வரிசையில், யார் முகத்தையும் பார்க்காமல். பக்கத்தில் இருந்தவர்கள் கொஞ்சம் தள்ளி உட்கார்ந்தார்கள்.

சூசை கையிலிருந்த டேப்பு மேளத்தைத் தட்டினான். "போன மாசிக் கேள்வி தொங்குது. அவுக்கிறீங்களா, தோத்தேன்னு சொல்றீங்களா, அண்ணே?"

தோற்பதா? என் வம்சத்திலேயே அது கிடையாது. பின்னாலிருந்து எவனோ, "நர்சம்மான்னு சொல்லு மாமா, முடிஞ்சுது" என்றான். நாலு பேர் சிரித்தார்கள். அஞ்சலை குனிந்த தலையை நிமிர்த்தவில்லை. நான் தொண்டையைச் செருமிக்கொண்டு, பதினெட்டுப் பட்டிக்கும் கேட்கிற மாதிரி எடுத்தேன்.

ரோசா வேறு யாரும் இல்லை, என் தங்கை அஞ்சலைதான். செத்துப்போவதற்கு முந்தின நாள் மாப்பிள்ளை என் கையைப் பிடித்துச் சொன்னார். ஹட்டன் சாமியாரும் சிலுவையைத் தொட்டு அதையே சொன்னார். அயர்லாந்திலிருந்தே கடுதாசி வந்திருக்கிறது. இப்படிப் பாடினேன். பாடுகிற வாய்க்குக் கணக்கு ஏது?

கூட்டம் அசந்துபோனது. சூசை அசரவில்லை.

"கட்டு அவுறல, அண்ணே. அந்தக் கவிஞன் பாடினது கெடைக்காதவளை. அஞ்சல அக்கா வாத்தியாருக்கு வாக்கப்பட்டு, புள்ள பெத்து, கூடவே வாழ்ந்தவங்க. கெடைச்சவளை எவன் பூவுக்குள்ள ஒளிச்சு வச்சுப் பாடுவான்?"

என்னிடம் பதில் நிறைய இருந்தது. எதை முதலில் எடுப்பது என்றுதான் யோசித்துக்கொண்டிருந்தேன். அந்த நேரம் பெண்கள் பக்கத்திலிருந்து ஒரு குரல் வந்தது.

"யாரு சொன்னது நான் கெடைச்சேன்னு?"

லாவணியில் பெண் வாய் திறந்து நம் தோட்டத்தில் யாரும் கேட்டதில்லை, மாப்பிள்ளை. தப்புக்காரன் கை அப்படியே நின்றுவிட்டது. அஞ்சலை எழுந்து நின்றாள். பாடவில்லை, பேசினாள்.

"விடியுமுன்ன பேரு கூப்புடுற பெரட்டுல போயி நிப்பேன். பொழுது சாய கொழுந்த தராசுல நிறுத்துட்டு வருவேன். அடுப்பு, புள்ளைங்க, எல்லாம் ஓஞ்சு உக்காந்தா அந்த மனுசன் புஸ்தகத்தத் தூக்கிட்டு வந்து பக்கத்துல குந்துவாரு. 'அஞ்சல, இதக் கேளு, தமிழ்ல சொல்றேன்'ம்பாரு. மொத வரி முடியறதுக்குள்ள நான் தூங்கிருவேன். கல்யாணம் கட்டுன நாள்லேர்ந்து ஒரு பாட்டக்கூட முழுசாக் கேட்டதில்ல. எழுப்பவும் மாட்டாரு. தோட்டம் எடுத்துக்கிட்டது போக மிச்சம் என்னா இருந்துச்சு என்கிட்ட? ஒரே பாயில கெடந்தேன், சூசை. கெடைக்கல."

தள்ளி உட்கார்ந்த பெண்கள் ஒவ்வொருவராகத் தலையைக் குனிந்துகொண்டார்கள். எல்லோருக்கும் அதே பெரட்டு, அதே தூக்கம்தானே.

சூசை டேப்பைத் தரையில் வைத்தான். "அவுந்துருச்சு, அக்கா" என்றான்.

லயத்துக்கு நடந்து வரும்போது அவள் கேட்டாள். "அண்ணே, நான்தான்னு ஒங்களுக்கு எப்படித் தெரிஞ்சுச்சு?"

"எனக்குத் தெரியாதது இந்தத் தோட்டத்துல என்னா இருக்கு?" என்றேன்.

உனக்குத் தெரியும், மாப்பிள்ளை. அந்த நிமிஷத்தில் வாயில் வந்ததைக் கட்டி விட்டேன். நான் கட்டின பொய்யைப் பற்றி எனக்கு எப்போதும் சந்தேகம் வந்ததில்லை. இது ஒன்றுதான், நிஜமாக இருந்து தொலைக்குமோ என்று என்னைத் தூங்கவிடாமல் செய்கிறது. நீ அந்தச் சாமியாரிடம் சிரித்த சிரிப்பு அதுதானா? இல்லை, பூவுக்குள் இன்னும் ஒருத்தி இருக்கிறாளா? சாமியார் சொன்ன மாதிரி நாடும் கடவுளும் வேறு உள்ளே உட்கார்ந்திருக்கிறார்களா? உன்னை முழுதாக நம்பச் சொல்லாதே, அது என்னால் ஆகாது.

திவசத்துக்கு விளக்கேற்றுகிறேன் என்று அஞ்சலை அவளாகவே சொல்லிவிட்டாள். உன் படத்தை எடுத்துத் துடைத்துக்கொண்டிருக்கிறாள். நான் உனக்கு ஒரு வாக்குத் தருகிறேன். அன்றைக்கு அவளை மலைக்கு அனுப்பமாட்டேன். கண்டாக்கையாவிடம் நானே பேசிக்கொள்கிறேன், என் பேச்சைத் தட்ட அவருக்குத் தைரியம் வராது. பகல் முழுவதும் அவள் போதும் போதும் என்று தூங்கட்டும். எழுந்த பிறகு உன் புத்தகத்தை எடுத்து உட்காருவோம். சூசை எழுத்துக் கூட்டி வாசிப்பான், நான் தமிழில் சொல்லுவேன். கடைசிப் பக்கம் வரைக்கும், ஒரு பாட்டும் விடாமல். புரியாத இடம் வந்தால் நிறுத்தமாட்டேன், நானே சேர்த்துச் சொல்லிக்கொள்வேன். அவள் முழுசாகக் கேட்பாள்.

இப்படிக்கு,
உன் பிள்ளைகளுக்குத் தாய்மாமனும், உனக்கு எதிர்க்கட்சியுமான
உன் மச்சான் வீராசாமி